பிரௌசரில் கேம் லோடு ஆகலையா? 'க்ளியர்' பட்டன் கடைசியில்தான்!

பள்ளிக்கு லீவு விட்டதுமே பல வீடுகளில் கேட்க ஆரம்பிக்கும் குரல் இது: "அம்மா, கேம் வரவே மாட்டேங்குது!" திரையில் வட்டம் ஒன்று சுற்றிக்கொண்டே இருக்கும். அல்லது கறுப்பாக ஒரு கட்டம் மட்டும் நிற்கும். சில நேரம் லோடிங் கோடு 90 சதவிகிதம் வரை ஓடிப்போய், அங்கேயே உட்கார்ந்துவிடும்.

உடனே கம்ப்யூட்டர் தெரிந்த பக்கத்து வீட்டுப் பையன் சொல்லும் வைத்தியம் ஒன்றுதான்: "ஹிஸ்டரி, குக்கீஸ் எல்லாத்தையும் க்ளியர் பண்ணிடுங்க ஆன்ட்டி, சரியாகிடும்." சரியாகவும் ஆகலாம். கேம் ஓப்பன் ஆகும். ஆனால், முதல் லெவலில் இருந்து! ஒரு மாதமாகக் குழந்தை பார்த்துப் பார்த்துக் கட்டிய ஊரும், தாத்தா ஒரு நாள் விடாமல் ஆடிச் சேர்த்த புள்ளிகளும் காணாமல் போயிருக்கும். அழுதாலும் திரும்பி வராது.

அதனால், பிரௌசர் கேம் மக்கர் பண்ணும்போது ஒரு வரிசையை மனதில் வைத்துக்கொள்வது நல்லது. எதையும் அழிக்காத வழிகள் முதலில். அழிக்கிற வழி கடைசியில். 'இதை இன்ஸ்டால் செய்' என்று கேம் பக்கமே கேட்டால், எப்போதும் வேண்டாம்.

ஆடிய ஆட்டம் எங்கே சேமிக்கப்படுகிறது?

பிரௌசர் கேமைத் திறந்ததும், படங்கள், சத்தங்கள், ஆட்டத்தின் புரோகிராம் என எல்லாம் இணையத்தில் இருந்து இறங்குகின்றன. மறுமுறை வேகமாகத் திறப்பதற்காக அவற்றின் நகலை பிரௌசர் ஓர் இடத்தில் வைத்துக்கொள்கிறது. அதுதான் 'கேச்'. அது போனால் நஷ்டமில்லை, மறுபடி இறங்கிவிடும்.

எத்தனையாவது லெவல், எவ்வளவு காயின் என்ற கணக்கு வேறு. லாகின் செய்து ஆடும் கேம்களில் அது நிறுவனத்தின் சர்வரில் இருக்கும். லாகின் கேட்காமல் நேராக ஆட விடும் கேம்களில், பெரும்பாலும் அது உங்கள் பிரௌசருக்குள்ளேயே, அந்தத் தளத்துக்கென்று ஒதுக்கிய சேமிப்பில் இருக்கும். 'குக்கீஸ்' கட்டத்தை டிக் செய்து க்ளியர் கொடுத்தால், இதுவும் சேர்ந்தே போய்விடும்.

உலகம் அறிந்த உதாரணம், 'வேர்டில்'. தினமும் ஒரு சொல்லைக் கண்டுபிடிக்கும் இந்த விளையாட்டை 2022 ஜனவரியில் நியூயார்க் டைம்ஸ் நிறுவனம் வாங்கியது. அடுத்த மாதமே கேம் புது முகவரிக்கு மாறியது. அப்போது, தொடர்ந்து எத்தனை நாள் ஜெயித்தோம் என்ற கணக்கு சிலருக்குப் பூஜ்ஜியமாகிவிட்டது. அந்தக் கணக்கு அவரவர் பிரௌசரில், பழைய முகவரியின் பெயரில் இருந்ததுதான் காரணம். ஒரு தளத்தின் சேமிப்பை இன்னொரு தளம் தொட பிரௌசர் விடாது.

ஐபோன், ஐபேட் வைத்திருப்பவர்கள் கூடுதலாக ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். ஒரு தளத்தை 7 நாள்கள் தொடாமல், சஃபாரியை மற்ற வேலைகளுக்கு மட்டும் பயன்படுத்தி வந்தால், அந்தத் தளம் சேமித்து வைத்ததை சஃபாரி தானாகவே நீக்கிவிடும். 2020 முதல் இந்த ஏற்பாடு இருக்கிறது. பரீட்சை நேரத்தில் கேம் பக்கமே போகாத பிள்ளை, லீவில் வந்து பார்த்தால் ஆட்டம் முதலில் இருந்து தொடங்குவதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம்.

முதலில், கோளாறு எங்கே?

* வேறு ஏதாவது தளம் திறக்கிறதா என்று பாருங்கள். க்ரோமில் குட்டி டைனோசர் வந்து நின்றால், பிரச்னை கேமில் இல்லை, நெட்டில்.
* வைஃபையில் வராத கேம், மொபைல் ஹாட்ஸ்பாட்டில் வருகிறதா? வந்தால், வைஃபை பக்கம்தான் தடை. ரவுட்டரை ஒருமுறை ஆஃப் செய்து ஆன் செய்யலாம். ஹாஸ்டல், பள்ளி, ஆபீஸ் வைஃபை என்றால், கேம் தளங்களை அங்கே வேண்டுமென்றே தடுத்திருக்கலாம்.
* பிள்ளையின் மொபைலில் 'ஃபேமிலி லிங்க்' போன்ற பெற்றோர் கட்டுப்பாடு போட்டிருக்கிறீர்களா? அப்பா போட்ட பூட்டை அம்மா கோளாறு என்று நினைத்துத் தேடுவதும் நடக்கும்!
* வீட்டில் உள்ள எல்லா மொபைலிலும், ஹாட்ஸ்பாட்டிலும்கூட வரவில்லையா? கேம் தளத்தின் சர்வரே படுத்திருக்கலாம். அன்றைக்குச் செய்ய எதுவும் இல்லை. அடுத்த நாள் பார்த்துக்கொள்ளலாம்.

எதையும் இழக்காத 7 வழிகள்

1. முழு ரீலோடு: கேமை அப்டேட் செய்த பிறகும் பிரௌசர் பழைய நகலையே எடுத்துக் கொடுத்தால், ஆட்டம் பாதியில் நிற்கும். கம்ப்யூட்டரில் கன்ட்ரோல், ஷிஃப்ட் இரண்டையும் பிடித்துக்கொண்டு 'ஆர்' எழுத்தை அழுத்தினால், எல்லாம் புதிதாக இறங்கும். சேமிப்பு அப்படியே இருக்கும்.

2. டேப்களை மூடுங்கள்: பத்து, இருபது டேப் திறந்திருந்தால் மெமரி போதாது. 'ஆ, ஸ்னாப்' என்ற செய்தியோடு பக்கம் விழுவதற்கு இது ஒரு முக்கியக் காரணம். மற்ற டேப்களை மூடிவிட்டு, பிரௌசரையும் ஒருமுறை மூடித் திறங்கள்.

3. தேதியைப் பாருங்கள்: சிரிக்க வேண்டாம். கம்ப்யூட்டரில் தேதி தப்பாக இருந்தால், தளங்களின் பாதுகாப்புச் சான்றிதழை பிரௌசர் நம்பாது. 'உங்கள் இணைப்பு பாதுகாப்பானது அல்ல' என்று சொல்லி நின்றுவிடும். பழைய டெஸ்க்டாப்பில் ஒவ்வொரு முறை ஆன் செய்யும்போதும் தேதி பின்னால் போகிறது என்றால், மதர்போர்டில் நாணயம்போல இருக்கும் சிறிய பேட்டரி தீர்ந்திருக்கும். பெரும்பாலான டெஸ்க்டாப்புகளில் அது சிஆர் 2032 என்ற வகை. கடையில் கேட்டால் மாற்றிக் கொடுப்பார்கள்.

4. இன்காக்னிட்டோவில் திறந்து பாருங்கள்: க்ரோமின் இன்காக்னிட்டோ விண்டோவில் எக்ஸ்டென்ஷன்கள் வேலை செய்யாது, நீங்களாக அனுமதித்தவை மட்டுமே விதிவிலக்கு. பழைய குக்கீகளும் அங்கே இருக்காது. கேம் அங்கே வந்தால், உங்கள் பிரௌசரில் சேர்த்து வைத்த ஏதோ ஒன்றுதான் தடுக்கிறது என்று அர்த்தம். இது சோதனைக்கு மட்டும்தான். அங்கேயே ஆடினால், விண்டோவை மூடியதும் அத்தனையும் அழிந்துவிடும்.

5. எக்ஸ்டென்ஷன்களை ஒவ்வொன்றாக நிறுத்துங்கள்: இன்காக்னிட்டோவில் கேம் வந்தால் அடுத்த வேலை இதுதான். முதல் சந்தேகம் விளம்பரத் தடுப்பான் மீது. இலவச கேம்களில் பல, விளம்பரம் ஓடி முடிந்த பிறகே ஆட்டத்தைத் தொடங்கும். விளம்பரத்தைத் தடுத்தால் அது காத்துக்கொண்டே இருக்கும். தடுப்பானை மொத்தமாக நீக்க வேண்டாம். நம்பகமான கேம் தளம் என்றால், அந்த ஒரு தளத்துக்கு மட்டும் நிறுத்தி வையுங்கள்.

6. பிரௌசர் அப்டேட்: க்ரோமில் மூன்று புள்ளி, ஹெல்ப், அபௌட் கூகுள் க்ரோம் என்று போனால், அதுவே தேடி அப்டேட் செய்துகொள்ளும். பழைய லேப்டாப்பில் இன்னமும் விண்டோஸ் 7 அல்லது 8 இருந்தால், அதற்குக் கிடைக்கும் கடைசி க்ரோம் 109-வது பதிப்புதான். 2023 தொடக்கத்தோடு அது நின்றுவிட்டது. புது கேம்கள் அதில் ஓடாவிட்டால், குற்றம் குழந்தை மேலும் இல்லை, நெட் மேலும் இல்லை.

7. கிராபிக்ஸ்: சத்தம் வருகிறது, படம் மட்டும் கறுப்பு என்றால் இதைப் பாருங்கள். முப்பரிமாணக் கேம்கள், கம்ப்யூட்டரின் கிராபிக்ஸ் சிப்பைக் கொண்டே படம் வரைகின்றன. க்ரோம் செட்டிங்ஸில் 'சிஸ்டம்' பகுதியில் 'கிராபிக்ஸ் ஆக்சலரேஷன்' என்ற ஸ்விட்ச் இருக்கும். ஆஃபில் இருந்தால் ஆன் செய்யுங்கள். ஏற்கெனவே ஆனில் இருந்தும் கறுப்பாக இருந்தால், ஆஃப் செய்து பாருங்கள். பிறகு பிரௌசரை மூடித் திறக்க வேண்டும்.

அழிப்பதாக இருந்தால், அளவாக!

ஏழும் பலிக்கவில்லை என்றால்தான் 'க்ளியர்' பக்கம் வர வேண்டும். அதிலும் படிப்படியாக.

முதலில், 'கேச்டு இமேஜஸ் அண்ட் ஃபைல்ஸ்' என்ற ஒரு கட்டத்தை மட்டும் டிக் செய்யுங்கள். 'குக்கீஸ்' என்று தொடங்கும் கட்டத்தில் டிக் இருந்தால் எடுத்துவிடுங்கள். பெரும்பாலும் அந்த டிக் தயாராகவே இருக்கும். பலர் மாட்டிக்கொள்வது இங்கேதான்.

அதற்கும் மசியவில்லையா? மொத்த பிரௌசரையும் துடைக்காமல், அந்த ஒரு தளத்தின் டேட்டாவை மட்டும் நீக்கலாம். முகவரிக்கு இடதுபுறம் உள்ள சின்ன ஐகானைத் தொட்டால் அதற்கான வழி இருக்கும். அந்த கேமின் கணக்கு போய்விடும். மற்ற கேம்களும், பேங்க், மெயில் லாகின்களும் தப்பிக்கும். அதற்கு முன், கேமுக்குள் லாகின் வசதியோ, 'எக்ஸ்போர்ட் சேவ்' போன்ற பட்டனோ இருக்கிறதா என்று பாருங்கள். ஆடும் பிள்ளையிடமும் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். நமக்கு அது வெறும் கேம். அவர்களுக்கு அது ஒரு மாத உழைப்பு.

ஆண்ட்ராய்டு மொபைலில் செட்டிங்ஸ் வழியாகப் போய் க்ரோமுக்கு 'க்ளியர் டேட்டா' கொடுப்பது, வீட்டு எலியைப் பிடிக்க வீட்டையே கொளுத்துவது மாதிரி. 'க்ளீனர்', 'பூஸ்டர்' ஆப்களிடம் இந்த வேலையை ஒப்படைப்பதும் வேண்டாம்.

என்ன செய்தாலும் வராத கேம்கள்

"காலேஜ் படிக்கும்போது ஆடுவேனே, அந்த கேம் ஏன் வரமாட்டேங்குது?" என்று கேட்கும் அம்மா, அப்பாக்களுக்கு இந்தப் பகுதி. ஒரு காலத்தில் பிரௌசர் கேம் என்றாலே 'ஃப்ளாஷ்'தான். அதை உருவாக்கி வந்த அடோபி நிறுவனம், 2020 டிசம்பர் 31-உடன் ஆதரவை நிறுத்தியது. 2021 ஜனவரி 12 முதல் ஃப்ளாஷ் பிளேயரில் எதுவும் ஓடாதபடி தடுத்தும் விட்டது. 2009-ல் வந்து, ஃபேஸ்புக்கில் பலரையும் விவசாயம் பார்க்க வைத்த 'ஃபார்ம்வில்' மூடப்பட்டதும் அதே டிசம்பர் 31-ல்தான்.

ஃப்ளாஷ் பிளேயர் இல்லாமலேயே பழைய ஃப்ளாஷ் கேம்களை ஓட்டிக்காட்டும் 'ரஃபிள்' என்ற இலவச மென்பொருள் இருக்கிறது. இன்டர்நெட் ஆர்கைவ் தளம் 2020 நவம்பரில் இருந்து அதைப் பயன்படுத்திப் பழைய கேம்களைத் தன் பக்கத்திலேயே ஆட வைக்கிறது. நீங்கள் எதையும் இன்ஸ்டால் செய்ய வேண்டியதில்லை. தனியாக ஆடும் சின்ன கேம்கள் பல இதில் உயிர்பெற்றிருக்கின்றன. சர்வரை நம்பி ஓடிய ஃபார்ம்வில் போன்றவற்றை மட்டும் இப்படி மீட்க முடியாது.

பிரச்னையைவிட ஆபத்தான 'தீர்வு'

கேம் வராத எரிச்சலில், திரையில் தெரியும் எந்தப் பட்டனையும் அழுத்திவிடத் தோன்றும். மோசடிக்காரர்கள் காத்திருப்பது அந்த நொடிக்குத்தான்.

* 'ஃப்ளாஷ் பிளேயரை அப்டேட் செய்யுங்கள்' என்று எந்தப் பக்கம் சொன்னாலும் அது பொய். இல்லாத ஒன்றுக்கு ஏது அப்டேட்?
* 'நீங்கள் ரோபோ இல்லை என்று நிரூபிக்க, விண்டோஸ் பட்டனையும் ஆர் எழுத்தையும் அழுத்தி, பேஸ்ட் செய்து, என்டர் தட்டுங்கள்' என்று வந்தால், உடனே டேபை மூடுங்கள். நீங்கள் பேஸ்ட் செய்வது, உங்கள் கையாலேயே வைரஸை உள்ளே அழைக்கும் கட்டளை. உண்மையான சோதனை எதுவும் பிரௌசருக்கு வெளியே போகச் சொல்லாது.
* 'ஆட்டம் தொடங்க அலோ கொடுங்கள்' என்றால், நோட்டிஃபிகேஷன் அனுமதி கேட்கிறார்கள். கொடுத்தால், பிரௌசரில் வேறு வேலை பார்க்கும்போதும் கண்ட விளம்பரம் வந்து விழும்.
* 'இங்கே வரவில்லையா? இந்த ஏபிகே ஃபைலை டவுன்லோடு செய்யுங்கள்' என்ற லிங்க்கைத் தொடவே வேண்டாம்.

பணம் கட்டி ஆடும் ஆட்டத் தளம் திறக்கவில்லை என்றால், அது பிரௌசர் கோளாறாக இருக்க வேண்டியதில்லை. 2025 ஆகஸ்ட்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய சட்டம், பணம் வைத்து ஆடும் ஆன்லைன் விளையாட்டுகளுக்குத் தடை விதிக்கிறது. குறுக்குவழி சொல்லி வரும் லிங்க்குகளை நம்பினால் போவது பணம்தான். யாராவது ஏமாற்றிப் பணத்தை எடுத்துவிட்டால், தாமதிக்காமல் 1930 என்ற சைபர் கிரைம் உதவி எண்ணை அழையுங்கள்.

இன்றே செய்ய ஒரு வேலை

கேம் நின்றுபோன பிறகு சேமிப்பைக் காப்பாற்றுவது கஷ்டம். நன்றாக ஓடிக்கொண்டிருக்கும்போது சுலபம். பிள்ளைகள் விரும்பி ஆடும் கேமில் அக்கவுன்ட் வசதி இருந்தால், உங்கள் மெயில் ஐடியில் தொடங்கி, பாஸ்வேர்டைக் குறித்து வையுங்கள். பிழைச் செய்தி எதுவும் வந்தால், மூடுவதற்கு முன் அதை ஒரு போட்டோ எடுத்து வைக்கச் சொல்லிப் பழக்குங்கள். எந்த எண்ணை அழைப்பது, எந்த ஸ்விட்சைத் தொடுவது என்று தேடும்போது, "ஏதோ இங்கிலீஷ்ல வந்துச்சும்மா" என்பதைவிட அந்தப் போட்டோ நிறையச் சொல்லும்.