சினிமா ராணியை மறக்கலாமா?



தமிழின் முதல் பேசும்படத்தில் கதாநாயகியாக நடித்தவர் யார்? வினாடி வினாவில் கேட்டால் ‘டி.பி.ராஜலட்சுமி’ என்று பிள்ளைகள் பட்டென்று சொல்லிவிடுகிறார்கள். அந்த ஒரு மதிப்பெண் பதிலோடு அவரை முடித்துவிடுகிறோமே என்பதுதான் என் ஆதங்கம். அந்த முதல் பேசும்படமான ‘காளிதாஸ்’ திரைக்கு வந்த அக்டோபர் மாத இதழில் அவரைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே பேச ஆசைப்படுகிறேன்.

1911-ல் பிறந்தவர், திருவையாற்றுக்காரர். பால்ய விவாகம் நடந்தது, நிலைக்கவில்லை. தகப்பனாரும் காலமாகிவிட, தாயாரோடு திருச்சிக்கு வந்தார். ஆசாரமான குடும்பத்துப் பெண் அரிதாரம் பூசினால் ஊர் என்ன பேசும் என்று தெரிந்தேதான் சாமண்ணாவின் நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். சங்கரதாஸ் சுவாமிகள் அவருக்கு வாத்தியார். குரலும் நடிப்பும் கைகொடுக்க, மேடையில் சீக்கிரமே பெயர் வாங்கினார். மௌனப் படங்களும் அவரைத் தேடி வந்தன.

பிறகு பம்பாய். அர்தேஷிர் இரானியின் இம்பீரியல் கம்பெனி தயாரிக்க, எச்.எம்.ரெட்டி இயக்கிய ‘காளிதாஸ்’ 1931 அக்டோபர் 31-ல் சென்னை கினிமா சென்ட்ரலில் வெளியானது. படத்தில் ராஜலட்சுமி தமிழில் பேசுவார். கதாநாயகன் தெலுங்கில் பதில் சொல்வார். யாருக்கும் அது குறையாகத் தெரியவில்லை. ரயிலில் வந்த படப்பெட்டியை மக்கள் ஊர்வலமாக எடுத்துச் சென்று பூத்தூவி, தேங்காய் உடைத்து, கற்பூரம் காட்டினார்கள். காந்தியையும் ராட்டையையும் பற்றி ராஜலட்சுமி பாடிய பாட்டுகள் காளிதாசன் கதைக்குள் எப்படி வந்தன என்றும் யாரும் கேட்கவில்லை. வெள்ளைக்காரன் ஆண்ட காலத்தில் அந்தப் பாட்டைத் திரையில் கேட்டதே அவர்களுக்குப் பெரிய விஷயம்.

1933-ல் ‘வள்ளி திருமணம்’ பெருவெற்றி பெற்றது. ‘சினிமா ராணி’ என்ற பட்டம் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. அந்தப் புகழோடு சௌகரியமாக இருந்திருக்கலாம். அவர் இருக்கவில்லை. தான் எழுதிய ‘கமலவல்லி’ நாவலைக் கையில் எடுத்தார். சொந்தப் பணத்தைப் போட்டு, திரைக்கதை எழுதி, தானே நடித்து, இயக்கவும் செய்தார். 1936-ல் ‘மிஸ் கமலா’ வெளிவந்தது. தென்னிந்தியாவில் ஒரு பெண் இயக்கிய முதல் படம் அது. படப்பிடிப்புத் தளத்தில் பெண்கள் நடிக்க வருவதே அதிசயமாக இருந்த நாளில், ‘ஆக்‌ஷன்’ சொல்லும் இடத்தில் ஒரு பெண் நின்றிருக்கிறார்!

தேசப்பற்றைச் சொல்லும் படமொன்றையும் எடுத்தார். தணிக்கையின் கத்தரியில் அது சிக்கியது, பெருத்த நஷ்டம். சேர்த்த சொத்து கரைந்தது. 1964-ல் காலமானார்.

மேடை, திரை, எழுத்து, இயக்கம் என்று அவர் திறந்த கதவுகள் பல. இன்று ஒரு பெண் இயக்குநரின் படம் வந்தால் நாம் இன்னமும் அதைத் தனிச் செய்தியாக்குகிறோம். 1936-லேயே தொடங்கிய வரிசை இத்தனை மெதுவாக நீண்டிருப்பது திரையுலகுக்குப் பெருமை சேர்க்காது.

‘காளிதாஸ்’ படத்தின் பிரதி இன்று நம்மிடம் இல்லை. அக்காலப் படங்கள் பலவற்றுக்கும் மிஞ்சியிருப்பது பாட்டுப் புத்தகங்களும் நோட்டீசுகளும் பத்திரிகைப் பக்கங்களும்தான். உங்களிடம் ஒரு வேண்டுகோள்: வீட்டுப் பரணில் தாத்தா பாட்டி சேர்த்துவைத்த பழைய காகிதக் கட்டு இருந்தால், எடைக்குப் போடும் முன் ஒருமுறை பிரித்துப் பாருங்கள். சினிமா பாட்டுப் புத்தகமோ நாடக நோட்டீசோ கிடைத்தால், சென்னை தரமணியில் உள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் போன்ற இடங்களில் ஒப்படையுங்கள். சினிமா ராணிக்கு நாம் செய்யக்கூடிய மரியாதை அதுதான்.

அன்புடன்,
ஆசிரியர்