தொடாமலே வெடிக்கிறதா துப்பாக்கி? அமெரிக்க போலீசாரை பதற வைக்கும் பி-320 விவகாரம்

இடுப்பில் துப்பாக்கி. உறைக்குள் போட்டு பூட்டியாச்சு. கை வேறு எங்கேயோ இருக்கிறது. திடீரென 'டமார்' என்று சத்தம். குனிந்து பார்த்தால் தொடையில் ரத்தம்.

விசையைத் தொடவே இல்லை என்கிறார் குண்டடி பட்டவர். விசையை இழுக்காமல் இந்த துப்பாக்கி வெடிக்கவே வெடிக்காது என்று அடித்துச் சொல்கிறது தயாரித்த கம்பெனி. இரண்டில் ஒன்றுதானே உண்மையாக இருக்க முடியும்?

அமெரிக்காவில் பல வருடமாக ஓடிக்கொண்டிருக்கும் சண்டை இதுதான். சண்டையில் சிக்கியிருப்பது சாதாரண நாட்டுத் துப்பாக்கி இல்லை. அந்த நாட்டு ராணுவமே இடுப்பில் கட்டியிருக்கும் 'சிக் சாவர்' கம்பெனியின் பி-320 கைத்துப்பாக்கி.

அப்படி என்ன விசேஷம்?

பி-320 விற்பனைக்கு வந்தது 2014-ல். இது செமி ஆட்டோமேட்டிக் ரகம். விசையை ஒரு தடவை இழுத்தால் ஒரு குண்டு பாயும். வெடித்த வேகத்திலேயே மேல்பாகம் பின்னால் ஓடி, காலி தோட்டாவை வெளியே தள்ளிவிட்டு அடுத்த தோட்டாவை ஏற்றிக்கொள்ளும். மறுபடியும் சுட மறுபடியும் விசையை இழுக்க வேண்டும்.

இதன் பெரிய கவர்ச்சியே கழற்றி மாட்டும் வசதிதான். துப்பாக்கியின் உயிர், உள்ளே இருக்கும் உள்ளங்கை அகல இரும்புச் சட்டம். விசையும் அதன் பாகங்களும் அதில்தான் இருக்கின்றன. சீரியல் நம்பரும் அதில்தான். அமெரிக்க சட்டப்படி அந்தச் சட்டம்தான் துப்பாக்கி. மற்றதெல்லாம் வெறும் ஸ்பேர் பார்ட்ஸ்.

சின்ன கையா? சின்ன பிடியை மாட்டிக்கொள்ளலாம். பெரிய கையா? பெரிய பிடி. குழலை மாற்றலாம், மேல்பாகத்தை மாற்றலாம். ஒரே சட்டத்தை வைத்து பெரிய துப்பாக்கியும் செய்யலாம், சட்டைக்குள் மறைக்கும் சின்ன துப்பாக்கியும் செய்யலாம்.

இந்த வசதியில் மயங்கியது அமெரிக்க ராணுவம். 1985-ல் இருந்து வைத்திருந்த இத்தாலி கம்பெனி 'பெரெட்டா' துப்பாக்கிக்கு விடை கொடுத்தது. 2017 ஜனவரியில் சிக் சாவருக்கு 58 கோடி டாலர் வரை போகும் ஆர்டர் கிடைத்தது. ராணுவத்துக்கு பெரிய சைஸ் எம்-17, சின்ன சைஸ் எம்-18 என்று இரண்டு ரகம். இரண்டிலும் 17 தோட்டா போடலாம்.

ராணுவமே வாங்கிவிட்டது என்றதும் பல ஊர் போலீசாரும் இதையே வாங்கினார்கள்.

உள்ளே என்ன நடக்குது?

பழைய ரக துப்பாக்கியில் பின்னால் சின்ன சுத்தியல் மாதிரி ஒன்று நிற்கும். அது அடித்தால் தோட்டா வெடிக்கும். அது பின்னால் இழுபட்டு நிற்கிறதா, இல்லையா என்று கண்ணாலேயே பார்த்துவிடலாம்.

பி-320-ல் சுத்தியல் கிடையாது. உள்ளே ஸ்பிரிங் பலத்தில் பாயும் ஒரு ஊசி. தோட்டாவை ஏற்றும்போதே அந்த ஊசி கிட்டத்தட்ட முழுசாக பின்னால் இழுபட்டு நின்றுவிடும். ஒரு சின்ன கொக்கிதான் அதைப் பிடித்திருக்கிறது. விசையை இழுத்தால் கொக்கி விலகும், ஊசி பாயும். கொக்கி தானாக நழுவினாலும் ஊசி போய் அடிக்காமல் இருக்க தனியாக ஒரு தடுப்பும் உள்ளே வைத்திருக்கிறார்கள்.

உலகம் பூராவும் போலீசார் வைத்திருக்கும் ஆஸ்திரியா நாட்டு 'கிளாக்' துப்பாக்கியிலும் ஊசிதான். ஆனால் அதில் ஊசி பாதிதான் இழுபட்டிருக்கும். மீதியை விசையை இழுக்கும் விரல்தான் செய்ய வேண்டும். போதாததற்கு விசை நடுவிலேயே சின்ன நாக்கு மாதிரி ஒரு பூட்டு. விரல் அந்த நாக்கை அழுத்தினால்தான் விசை நகரும்.

பி-320-ல் அந்த நாக்கு இல்லை. கட்டை விரலால் தள்ளும் வெளிப்பூட்டு ராணுவத்துக்குப் போன துப்பாக்கியில் உண்டு. போலீசாரும் பொதுமக்களும் வாங்கிய துப்பாக்கிகளில் பெரும்பாலும் கிடையாது.

கீழே விழுந்தால் வெடித்தது

முதல் பூகம்பம் 2017-ல். துப்பாக்கியின் பின்பக்கம் ஒரு குறிப்பிட்ட கோணத்தில் தரையில் மோதினால் தானாக வெடிக்கிறது என்று தனியார் சோதனையில் தெரிந்தது. வீடியோவும் வெளியானது. டல்லாஸ் நகர போலீசும் இதைப் பயன்படுத்த தடை போட்டது.

காரணம் ரொம்ப எளிது. டிரைவர் திடீர் பிரேக் அடித்தால் பஸ்சில் நிற்பவர் முன்னால் போய் விழுகிறார் இல்லையா? அதே கதைதான். துப்பாக்கி தரையில் மோதி நின்றுவிடும். ஆனால் கனமான விசை நிற்காமல் பின்னால் போகும். விரல் இல்லாமலே விசை இழுபட்டுவிடும்.

கம்பெனி விசையின் கனத்தைக் குறைத்தது, வேறு சில பாகங்களையும் மாற்றியது. இலவசமாகவே செய்து கொடுத்தது. ஆனால் 'திரும்பப் பெறுகிறோம்' என்று சொல்லவில்லை. விருப்பம் இருந்தால் அனுப்புங்கள், மேம்படுத்தித் தருகிறோம் என்றுதான் சொன்னது.

பிரச்சினை அதோடு முடியவில்லை. விசை இழுபடாமலே சுட்டது என்று 100-க்கும் மேற்பட்டவர்கள் புகார் சொல்லியிருப்பதாக 2023-ல் வாஷிங்டன் போஸ்ட் பத்திரிகை செய்தி வெளியிட்டது. 2024 ஜூனில் ஜார்ஜியாவில் ஒருவருக்கு 23 லட்சம் டாலர் தரச் சொன்னது கோர்ட்டு ஜூரி. நவம்பரில் பிலடெல்பியா ஜூரி சொன்ன தொகை 1 கோடியே 10 லட்சம் டாலர். அதற்காக எல்லா வழக்கிலும் கம்பெனி தோற்கவில்லை. ஜெயித்த வழக்கும் உண்டு.

மிச்சிகன் மாநில போலீஸ்காரர் ஒருவரின் துப்பாக்கி 2024-ல் உறைக்குள்ளேயே வெடித்தது. எப்.பி.ஐ. அதைப் பிரித்துச் சோதித்தது. உள் தடுப்பு செயலிழந்து வெடிக்க வாய்ப்பு இருக்கிறது என்றது அறிக்கை. பிறகு நடந்த சோதனைகளில் அப்படி நடக்கவே இல்லை என்கிறது கம்பெனி. 2025 ஜூலையில் அமெரிக்க குடியேற்றத் துறை போலீஸ் பி-320 வேண்டாம் என்று ஒதுக்கிவிட்டு கிளாக்கிற்கு மாறியது.

கதையில் திருப்பம்

அதே 2025 ஜூலை 20. வயோமிங் மாநில விமானப்படை தளத்தில் 21 வயது வீரர் குண்டு பாய்ந்து பலி. எம்-18 தானாக வெடித்துவிட்டது என்று பேச்சு. விமானப்படையின் ஒரு பிரிவு அந்தத் துப்பாக்கியையே நிறுத்தி வைத்தது. நாடு முழுவதும் பரபரப்பு.

ஒரு மாதத்திற்குள் கதை மாறியது. உடன் வேலை பார்த்த வீரர் ஒருவரே கைது செய்யப்பட்டார். நடந்ததை மறைத்து பொய் சொன்னதாக மேலும் 2 வீரர்கள் பின்னர் ஒப்புக்கொண்டனர். துப்பாக்கிகளை சோதித்துவிட்டு ஆகஸ்டில் மறுபடியும் வீரர்களிடம் கொடுத்துவிட்டார்கள்.

ஆக, ஒரு பக்கம் மிஷின் மேல் பழியைப் போட்டு மனிதன் தப்பிக்கப் பார்க்கிறான். இன்னொரு பக்கம் 2017-ல் மிஷினில் கோளாறு இருந்தது சோதனையிலேயே தெரிந்திருக்கிறது. அதனால் யார் சொல்வதையும் வாய் வார்த்தையாக நம்ப முடியாது. பிரித்துப் பார்த்துத்தான் சொல்ல முடியும்.

பிரித்துப் பார்ப்பது யார்?

விவகாரத்தின் முடிச்சே இங்குதான். அமெரிக்காவில் குக்கர் வெடித்தால், பொம்மை உடைந்து குழந்தைக்கு காயம் பட்டால் அரசு அமைப்பு ஒன்று தலையிட்டு விற்பனையை நிறுத்தலாம், திரும்பப் பெறவும் வைக்கலாம். ஆனால் துப்பாக்கி மேல் அந்த அமைப்பு கை வைக்கக் கூடாது என்று 1970-களிலேயே சட்டம் போட்டுவிட்டார்கள். குக்கருக்கு இருக்கும் கண்காணிப்பு துப்பாக்கிக்கு இல்லை!

கோளாறா, இல்லையா என்று கம்பெனியே சொல்லும். சரி செய்வதா, வேண்டாமா என்பதையும் கம்பெனியே முடிவு செய்யும். அடிபட்டவனுக்கு மிச்சம் இருப்பது கோர்ட்டு மட்டும்தான். அந்தக் கதவும் குறுகுகிறது. கம்பெனி இருக்கும் நியூ ஹாம்ப்ஷயர் மாநிலத்தில் 2025 மே மாதம் புதுச் சட்டம் வந்தது. வெளிப்பூட்டு வைக்கவில்லை என்று இனி அங்கே வழக்கு போட முடியாது.

நமக்கும் இந்தக் கம்பெனி புதுசு இல்லை. 2019-ல் நம் ராணுவம் இவர்களிடம் 72 ஆயிரத்து 400 ரைபிள் வாங்க ஒப்பந்தம் போட்டது. 2024-ல் மேலும் 73 ஆயிரம். அது வேறு ரகம், வேறு வடிவமைப்பு. பி-320 புகார் அதற்குப் பொருந்தாது.

ஆனால் மில்லில், பிரஸ் பட்டறையில் வேலை பார்ப்பவர்களுக்கு இந்தச் சண்டை புரியும். விரல் போனால் முதலில் வரும் கேள்வி, "நீ ஏன் கையை விட்ட?" என்பதுதான். மிஷினில் தடுப்பு இருந்ததா, அது வேலை செய்ததா என்ற கேள்வி அப்புறம்தான் வரும். சில நேரம் வராமலே போகும்.

துப்பாக்கியைச் சுமக்கும் போலீஸ்காரரும் சம்பளத்துக்கு வேலை பார்ப்பவர்தான். மேலே இருப்பவர்கள் கொடுத்ததை இடுப்பில் கட்டிக்கொள்கிறார். வெடித்தால் காயம் மட்டும் இல்லை, 'கவனக்குறைவு' என்ற பழியும் அவருக்கே. தப்பு அவருடையதா, கொக்கியினுடையதா என்று கம்பெனிக்கும் கட்டுப்படாத, அடிபட்டவனுக்கும் கட்டுப்படாத ஒரு ஆள் பிரித்துப் பார்த்துச் சொல்லும் வரை இந்தச் சண்டை ஓயப் போவதில்லை.