முதுகு ஊசிக்குப் பயப்பட வேண்டாம்

ஆசிரியருக்கு,

கண்டிப் பக்கம் பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் டெங்குதான் நினைவுக்கு வருகிறது. மூளைக்காய்ச்சலை யாரும் யோசிப்பதில்லை. வளர்ந்த பிள்ளைக்குத் தலையிடி, வாந்தி, கழுத்து விறைப்பு இருக்கும். கைக்குழந்தைக்குக் கழுத்து விறைக்காமலும் இருக்கலாம். பால் குடிக்க மறுப்பது, வீறிட்டு அழுவது, துவண்டு கிடப்பது, உச்சிக்குழி புடைப்பது ஆகியவற்றைக் கவனிக்க வேண்டும்.

2, 4, 6 மாதங்களில் போடும் ஐங்கூட்டுத் தடுப்பூசி 2008இல் வந்தது. அது மூளைக்காய்ச்சலை உண்டாக்கும் ஹிப் கிருமியைத் தடுக்கும்; மற்றக் கிருமிகள் இருக்கின்றனவே!

மூளைக்காய்ச்சலா என்று அறிய முதுகில் ஊசி போட்டு நீர் எடுத்துப் பார்ப்பார்கள். பேராதனையில் சிறுவர் வைத்தியசாலை இருந்தும், முதுகில் நீர் எடுத்தால் கால் விளங்காது என்ற கதை தோட்டப்புறங்களில் உலவுகிறது. படித்தவர்களும் சொல்கிறார்கள். ஊசி இடுப்பருகே இறங்குகிறது. முண்ணாண் அதற்கு மேலேயே முடிந்துவிடும். எந்தக் கிருமி, எந்த மருந்து என்பதை அந்த நீர்தான் காட்டும். இங்கே தயங்கும் மணித்தியாலங்கள் பிள்ளையின் செவியையோ உயிரையோ பறிக்கலாம். குணமான பின்பும் செவிப் பரிசோதனை அவசியம்.

குடும்பநல மாதுக்கள் இதைத் தோட்டக் கிளினிக்குகளில் தமிழில் விளக்க வேண்டும். பெற்றோரே, வாகனம் இல்லையென்றால் 1990ஐ அழையுங்கள். சுவசெரிய அம்புலன்சுக்குக் கட்டணம் இல்லை.

ஒரு வாசகி,
தெல்தோட்டை