வாயிற்படியில் ஒரு கலைக்கூடம்



சனவரித் திங்கள் பிறந்தால் நம் பெங்களூரில் குமாரகிருபா சாலை ஓவியச் சாலையாகிவிடும். 1960ஆம் ஆண்டில் தோன்றிய கருநாடக சித்திரகலா பரிஷத்து ஆண்டுதோறும் நடத்தும் சித்திரச் சந்தையில், பல மாநிலங்களிலிருந்தும் வந்த ஓவியர்கள் தெருவோரத்திலேயே தம் படங்களைப் பரப்பி அமர்ந்திருப்பர். கலைக்கல்லூரியில் பயின்றவரும், ஒரு நாளும் பயிலாது தாமே கற்றவரும் அங்கே அருகருகே வீற்றிருப்பர்.

அச்சந்தையைக் கண்டு மீண்ட நம் சங்கத்து அம்மையார் ஒருவர் என்னிடம், "பார்க்க ஆயிரம் கண் வேண்டும், ஐயா! நமக்கோ ஒரு கோடுகூட ஒழுங்காக இழுக்கத் தெரியாது" என்றார். எனக்கு நகைப்பு வந்தது. அது மார்கழித் திங்கள். அன்று விடியலில்தான் அவர் தம் வீட்டு வாயிலில் 15 புள்ளி வைத்து, இடைப்புள்ளி 8 வரை இறக்கி, கோலம் ஒன்று இட்டிருந்தார். அளவுகோல் இல்லை, அழித்து எழுதவில்லை. இரு விரலிடையே வழிந்த மாவு எங்கும் தடுமாறவில்லை. அவரோ தமக்குக் கோடு இழுக்கத் தெரியாது என்கிறார்!

பள்ளியில் கற்றதே கலை, வீட்டில் கற்றது வெறும் வழக்கம் என்னும் எண்ணம் நம் உள்ளத்தில் ஆழ வேரூன்றிவிட்டது. இவ்வெண்ணம் நம்மவர்க்கு மட்டும் உரியதன்று. பாரிசு நகரில் சுங்க அலுவல் பார்த்த ஆன்றி ரூசோ (1844–1910) எந்தக் கலைப்பள்ளியிலும் பயின்றவர் அல்லர். அவர் படங்களைக் கண்டு குழந்தைக் கிறுக்கல் என்று நகைத்தோர் பலர். இன்று அப்படங்கள் உலகின் பெரிய அருங்காட்சியகங்களில் தொங்குகின்றன.

நம் நாட்டிலேயே இதனினும் சிறந்த சான்று உண்டு. பீகாரின் மிதிலைப் பகுதியில் மணமக்கள் அறைச்சுவரில் பெண்டிர் தாமரையும் மூங்கிலும் மீனும் வரைவது பழைய வழக்கம். தாயிடம் மகள் பார்த்துக் கற்பதன்றி ஆசிரியர் எவரும் இலர். 1966–67இல் அங்கே கொடிய வறட்சி வந்துற்றது. பெண்டிர்க்கு வருவாய் கிடைக்க வேண்டி அனைத்திந்தியக் கைவினைப் பொருள் வாரியத்தார் தாளைக் கொடுத்து, சுவரில் வரைவதை இதில் வரையுங்கள் என்றனர். அங்ஙனம் தாளெடுத்தவருள் ஒருவர் கங்காதேவி (1928–1991). கணவர் மறுமணம் செய்துகொண்டதால் துயருற்று வாழ்ந்த அப்பெண்மணியின் மெல்லிய கோடு அவரை உலகறியச் செய்தது. 1984இல் பத்மசிறீ விருது பெற்றார்.

அவர் வாழ்வில் நம்போல் ஊர்விட்டு ஊர் வந்தோர் கருதத்தக்க செய்தி ஒன்று உண்டு. 1980களில் அவர் அமெரிக்கா சென்றார். அங்கே கண்ட வாசிங்டன் நினைவுத் தூணையும், மக்கள் ஏறி விளையாடும் ரோலர் கோஸ்டரையும் வரைந்தார். ஆனால், அவற்றை வரைய வெளிநாட்டுப் பாணியைக் கடன் வாங்கினார் அல்லர். தம் தாய் கற்பித்த மிதிலைக் கோட்டாலேயே வரைந்தார். புதிய ஊரைப் பார்க்கப் பழைய கை தடையாகவில்லை, துணையாயிற்று.

நிற்க. நம் கோலத்தை ஆராய்ந்தோர் யாவர் தெரியுமா? சென்னையில் கிஃப்ட் சிரோமணி, இராணி சிரோமணி, கமலா கிருதிவாசன் ஆகிய அறிஞர்கள் 1974இல் கோலத்தின் அமைப்பைக் கணிப்பொறி இயலின் இலக்கணமாக ஆராய்ந்து எழுதினர். சிறிய கோலம் எவ்விதியால் பெரிய கோலமாக வளர்கிறது என்பதே அவர்தம் ஆராய்ச்சி. எழுதப் படிக்க அறியாப் பாட்டிமாரும் அவ்விதியை விரல்நுனியில் வைத்திருந்தனர்.

கங்காதேவி நோயுற்ற தம் இறுதிக் காலத்தில், தில்லிக் கைவினை அருங்காட்சியகத்தில் மணவறை ஒன்றின் சுவர் முழுதும் வரைந்து வைத்தார். அவ்வரிய படைப்பு, அங்கே நடந்த சீரமைப்பின்போது அழிக்கப்பட்டது. 2015இல் அச்செய்தி வெளிவந்தபோது கலைஞர் பலர் வருந்தினர். அழிந்தது அழிந்ததே, வரைந்த கை இப்போது இல்லை.

கோலமோ நாள்தோறும் அழிவது. காலடி பட்டும் காற்றில் கலைந்தும் மாலைக்குள் மறைந்துவிடும். அதற்காக நாம் வருந்துவதில்லை. மறுநாள் போட அந்தக் கை இருக்கிறது என்னும் துணிவே காரணம். அக்கை மகளுக்கு வாராது போனால்தான் கோலம் உண்மையில் அழிகிறது. அடுக்குமாடி வீட்டில் வாயில் சிறிது, காலைப்பொழுது அதனினும் சிறிது. ஒட்டுத்தாள் கோலம் எளிது. இவை மெய்யே. ஆயினும் ஒட்டிய தாளிலிருந்து எந்தக் குழந்தையும் கோலம் கற்றதில்லை.

ஆகவே அன்பர்களே, ஒன்று செய்வோம். தாய்மார் தம் பழைய கோலக் குறிப்பேட்டைத் தேடி எடுக்கட்டும். ஒவ்வொரு கோலத்தின் கீழும் யார் கற்பித்தது, எந்த ஊர், எந்த ஆண்டு என்று எழுதட்டும். நாட்டுக் கலைஞர் பல்லாயிரவர் பெயரின்றி மறைந்தனர். நம் வீட்டுக் கலைஞரேனும் பெயரோடு நிற்கட்டும். ஞாயிறுதோறும் மகளையும் மகனையும் அருகிருத்திச் சிறிய வாயிலிலேயே 5 புள்ளிக் கோலம் ஒன்று போடுக. எதிர்வீட்டுக் கன்னட அம்மையாரின் ரங்கோலியையும் கேட்டுக் கற்றுக்கொள்க. நம்முடையதை அவருக்கும் கற்பிக்க.

அடுத்த முறை சித்திரச் சந்தைக்குச் செல்லுங்கால், கோடு இழுக்கத் தெரியாதவள் என்று எவரும் தம்மைச் சொல்லிக்கொள்ள வேண்டா. பேரோவியர் நடுவே, நீங்களும் ஓர் ஓவியராய் நடந்து செல்லுங்கள்.