பச்சை அரைப்பும் புட்டிச் சரக்கும்

மேற்கிந்தியத் தீவுகளில் வழிவழியாக வீட்டிலேயே அரைக்கப்பெற்றுவரும் பச்சிலைக் கலவையொன்று, இந்நாளிற் புட்டியில் அடைக்கப்பெற்றுக் கடைகளிலும் விற்கப்படுகின்றது. ஆங்கிலம் பேசுந் தீவினர் அதனைக் ‘கிரீன் சீசனிங்’ என்பர். பச்சை அரைப்பு என்று யாம் இக்கட்டுரையில் வழங்குவோம். புட்டியில் வருவது வீட்டில் அரைத்ததற்கு ஈடாகுமோ என்பது வினா; ஆகாது என்பது எம் துணிபு. குழம்பைப் பற்றிய இவ்வழக்கில் தமிழ் பயிலும் மாணாக்கர் புகுவானேன் என்று நகைப்பாரும் உளராகலாம். நகைக்கட்டும். சொல்லின் வரலாற்றைத் துருவிப் பழகிய எமக்கு, இவ்வரைப்பிற் சேரும் இலை ஒவ்வொன்றின் பெயரும் ஒரு பயணக் கதையாகத் தோன்றிற்று. அதுவே எம்மை இதனுள் ஈர்த்தது.

முதற்கண் அஃது இன்னதென்பதைக் கூறுவோம். டிரினிடாட் தீவின் வழக்கப்படி அதில் தலைமை பெற்ற இலை ‘ஷாடோ பெனி’ எனப்படுவது. அது தரையோடு ஒட்டி வளரும். நீண்ட இலையின் விளிம்பிற் சிறு பற்கள் இருக்கும். மணத்தாற் கொத்தமல்லித் தழையை ஒக்கும், ஆயின் அதனினும் மிகக் கடியது. கொத்தமல்லியின் மணம் கொதியிற் கலைந்துபோம். இதன் மணமோ சமைத்த பின்னும் நிற்கும். இதனோடு வெங்காயத்தாள், ‘தைம்’ என்னும் சிற்றிலைச் செடி, பார்ஸ்லி, செலரி, பூண்டு, மணமிருந்தும் காரமில்லாத மிளகாய் ஆகியவற்றைப் பச்சையாகவே இடித்தோ அரைத்தோ, உப்பும் எலுமிச்சைச் சாறுங் கூட்டுவர். இறைச்சியையும் மீனையும் எலுமிச்சைநீரிற் கழுவி, இவ்வரைப்பைத் தடவி, சில மணி நேரமேனும் ஓரிரவேனும் ஊறவைத்த பின்னரே அடுப்பேற்றுவர். மசாலையிட்ட கோழிக் கறியாயினும், சருக்கரையை எண்ணெயிற் கருக்கி அதிற் புரட்டிய இறைச்சியாயினும், துவரையும் அரிசியுஞ் சேர்த்தாக்கும் ‘பெலாவ்’ ஆயினும் தொடக்கம் இதுவே.

அயல் தீவுகளிலும் இதன் உடன்பிறப்புக்கள் உள. ஹெயிட்டியில் இதற்கு ‘எப்பீஸ்’ என்று பெயர். அங்கே பார்ஸ்லியும் வெங்காயத்தாளும் மிகும். மரவுரலில் இடிப்பதே பழைய முறை. பார்பேடோசில் மார்ஜொரம் என்னும் இலையையுஞ் சேர்த்து, மீனையுங் கோழியையும் ஆழக் கீறி அக்கீறலுள் திணிப்பர். போர்ட்டோ ரீக்கோவிலோ, ‘ரெக்காவ்’ என்னும் பெயர் தாங்கி நிற்பதும் அந்த ஷாடோ பெனியே. அதனை இனிய மிளகாயோடரைத்துச் செய்யும் ‘சொஃப்ரிட்டோ’வை எண்ணெயில் முதலில் வதக்குவர். ஆகவே, மெய்யான செய்முறை யாது என்று வினவுவார்க்கு விடை ஒன்றன்று. அவரவர் கொல்லையில் யாது தழைத்ததோ அதுவே மெய்யான செய்முறை.

இனிப் பெயர்களைப் பார்ப்போம். ஷாடோ பெனி என்பது பிரெஞ்சுச் சொற்றொடரான ‘சார்தோன் பெனி’யின் மரூஉ, ஆசி பெற்ற முட்பூண்டு என்பது அதன் பொருள். முட்பூண்டைச் சாபத்தின் விளைவாக ஆதியாகமத்தில் வாசித்த எமக்கு, ஆசி பெற்ற முட்பூண்டொன்று அடுக்களையில் வீற்றிருப்பது வியப்பே. அவ்விலைக்கே டிரினிடாட்டில் ‘பண்தனியா’ என்று மற்றொரு பெயருமுண்டு. ‘பன்’ என்பது காடு, ‘தனியா’ என்பது மல்லி, ஆகவே காட்டுமல்லி. இப்பெயரை இட்டவர் நம் நாட்டினின்று ஒப்பந்தக் கூலிகளாகச் சென்றோர். 1845-ஆம் ஆண்டிற் கல்கத்தாவினின்று முதற் கப்பல் டிரினிடாட்டை அடைந்தது. 1917-இல் அவ்வொப்பந்த முறை நிறுத்தப்பெறும்வரை ஏறத்தாழ 1,44,000 பேர் அத்தீவிற்குச் சென்றனர். பெரும்பாலோர் வடநாட்டார், சென்னைத் துறைமுகத்தினின்று கப்பலேறிய தென்னாட்டாரும் அவருட் சிலர். கரும்புத் தோட்டத்தின் ஓரத்தே கிடந்த அயல்நாட்டுப் பூண்டொன்றை முகர்ந்து பார்த்து, ‘இது நம் ஊர் மல்லியன்றோ, காட்டில் வளர்ந்ததன்றோ’ என்று அவர் கண்டுகொண்டமை அந்த ஒரு சொல்லிலேயே அடங்கிக் கிடக்கின்றது. ஆயினும் அப்பூண்டு அமெரிக்க நிலத்திற்கே உரியது. தாவர நூலார் லின்னேயஸ் 1753-இல் அதற்கிட்ட இலத்தீன் பெயரின் ஈற்றுச் சொல்லோ ‘நாற்றமடிப்பது’ எனப் பொருள்படும். அப்பெரியார் அதனை உண்டறியார் போலும்!

மிளகாயின் கதையும் இத்தகையதே. அரைப்பிற் சேரும் மணமிளகாயும், நாவைச் சுட்டெரிக்கும் ‘ஸ்காட்ச் பானெட்’ மிளகாயும் ஓரினத்தனவே. அவ்வினத்திற்கு 1776-இல் யாக்கின் என்னும் அறிஞர் ‘சீனத்தது’ என்று பெயரிட்டார். அது சீனத்திற் பிறந்ததன்று, அமெரிக்காவிற் பிறந்தது. டிரினிடாட்டார் தம் மணமிளகாயைப் ‘பிமெண்டோ’ என்பர். ஜமேக்காவிற் சென்று பிமெண்டோ கேட்பார்க்கோ முற்றும் வேறான நறுமணக் காயொன்றைக் கொடுப்பர். இவற்றினும் சுவையானது மற்றொன்று. டிரினிடாட் வீடுகளில் ‘ஸ்பானியத் தைம்’ என்னும் தடித்த இலையொன்றை அரைப்பிற் சேர்ப்பதுண்டு. அமெரிக்க ஐக்கிய நாட்டார் அதனையே ‘கியூபா ஆரிகானோ’ என்பர். ஆங்கில நூல்கள் சில அதற்கு ‘இந்திய’ என்னும் அடை கொடுக்கும். அவ்விலை வேறெதுவுமன்று, நம் முற்றத்திற் சளிக்கும் இருமலுக்கும் வளர்க்கும் கற்பூரவல்லியே! ஒவ்வொரு நாட்டாரும் அதனை வேறொரு நாட்டின் சொத்தாகச் சுட்டிவிட்டுத் தம் தொட்டியில் வைத்துக் கொள்கின்றனர்.

இவ்வாறு அமெரிக்க இலையும் மிளகாயும், ஐரோப்பியர் கொணர்ந்த தைமும் பார்ஸ்லியும், ஆசியாவினின்று உலகெங்கும் பரவிய பூண்டும் ஒரே உரலில் விழுந்தன. விழச் செய்தவர் யாவர்? தோட்ட முதலாளிகள் அல்லர். ஆங்கிலேயர் ஆண்ட தீவுகளில் அடிமை முறை சட்டத்தால் ஒழிந்தது 1834-இல்; அவர்கள் முழு விடுதலை பெற்றது 1838-இல். அதற்குமுன் ஆப்பிரிக்க மக்கள் பகலெல்லாம் கரும்புக்காட்டில் உழைத்து, தமக்கென விடப்பெற்ற துண்டு நிலங்களிற் கிழங்கும் கீரையும் பயிரிட்டனர். எஞ்சியதை ஞாயிற்றுச் சந்தையில் விற்றனர். முதலாளி அளந்து கொடுத்தது வடவமெரிக்காவினின்று வந்த உப்புமீன். அவ்வுப்புமீனை உணவாக்கியது துண்டு நிலத்தின் தழை.

புட்டிக்கு வருவோம். பலகையிற் பல திங்கள் கெடாதிருக்க வேண்டுமாயின் எச்சரக்கிற்கும் காடி மிகவேண்டும், உப்பு மிகவேண்டும், பெரும்பாலும் சூடுங் காட்டவேண்டும். பச்சிலையின் மணம் காற்றில் ஆவியாகும் எண்ணெய்களில் உள்ளது. சூடும் நாளும் அவற்றைப் போக்கும். எஞ்சுவது காடியின் புளிப்பும் பூண்டின் நெடியும். கடுமையாகவே சொல்கின்றோம்: அது பச்சை அரைப்பின் பெயரைத் தாங்கிய ஊறுகாய். ஆயினும் நடுவுநிலை பிறழாது மற்றொன்றுஞ் சொல்லவேண்டும். லண்டனிலும் டொரொண்டோவிலும் குளிர்காலத்தில் உழலும் தீவினர்க்கு அப்புட்டியே ஊரின் மணம், அவரைக் குறைகூறோம். ஆனால் அவ்வூர்களிலும் வியட்நாமியர் கடைகளில் ‘ங்கோ காய்’ என்ற பெயரில் ஷாடோ பெனி கட்டுக்கட்டாகக் கிடைக்கின்றது. பெயர் தெரியாமையாலேயே பலர் அதனைக் கடந்து போகின்றனர்.

வீட்டிற் செய்வது அரிதன்று. ஷாடோ பெனி இலை இருபது, வெங்காயத்தாள் ஒரு கட்டு, தைம் ஒரு சிறு பிடி, பார்ஸ்லியும் செலரியும் ஒவ்வொரு பிடி, முழுப்பூண்டு ஒன்று, மணமிளகாய் ஆறேழு, காரம் வேண்டுவார்க்கு ஸ்காட்ச் பானெட்டிற் பாதி, எலுமிச்சம்பழம் இரண்டின் சாறு, உப்பு ஒரு தேக்கரண்டி. கற்பூரவல்லி சேர்ப்பதாயின் மூன்றிலைக்கு மேல் வேண்டா. மிகின் கறி மருந்தாகிவிடும். கழுவிய இலைகளின் ஈரத்தை நன்கு வடித்துக் கொள்க. மிக்ஸியில் இடுவோர் விட்டுவிட்டுச் சுழற்றிக் கொரகொரப்பாக எடுத்தல் நன்று. நீரை வார்த்து மைபோல அரைத்தால் நுரையும் சாறுமாகிப் போம். ஓரிரு நாளிற் பசுமை மங்கிப் பாசி நிறமாவது கண்டு அஞ்சவேண்டா. எலுமிச்சையின் புளிப்பு இலைப்பச்சையத்தை அங்ஙனம் மாற்றும். அது கெட்டதன் அறிகுறியன்று. ஒரு கிலோ கோழிக்கு மூன்று நான்கு மேசைக்கரண்டி போதும்.

ஓர் எச்சரிக்கை மட்டும் இன்றியமையாதது. பச்சைப் பூண்டை எண்ணெயில் மூழ்கவைத்து அடுக்களை மேடையில் நாட்கணக்காக வைப்பது தீது. மண்ணில் வாழும் நுண்ணுயிர் ஒன்றின் வித்துக்கள் பூண்டில் ஒட்டி வருதல் கூடும். காற்றுப் புகாததும் புளிப்புக் குறைந்ததுமான இடத்தில் அவை முளைத்துப் ‘பொட்டுலிசம்’ என்னும் கொடிய நஞ்சேற்றத்தை விளைக்கும். அந்நஞ்சு மணத்தாலோ நிறத்தாலோ தன்னைக் காட்டிக் கொடாது. ஆதலின் அரைப்பிற் புளிப்பைக் குறையாதிடுக; குளிர்சாதனப் பெட்டியில் வைத்து ஒரு வாரத்திற்குள் முடித்துவிடுக. மிகுதியைப் பனிக்கட்டித் தட்டுக்களில் வார்த்து உறையவைப்பின் சில திங்கள் தாங்கும். புட்டிக்கு மாற்றாக யாம் பரிந்துரைப்பது இவ்வுறைகட்டிகளையே.

வீட்டிலேயே அரைக்கவேண்டும் என்று எழுதுவார் பலர். அரைப்பவர் யார் என்பதை மட்டும் எழுதார். பகலெல்லாம் வேலைக்குச் சென்று மீளும் தாயின் தலையில் இன்னொரு சுமையை ஏற்றிவிட்டு மரபைக் காத்தோம் என்று மகிழ்வது எமக்கு உடன்பாடன்று. இலை ஆய்வதும் பூண்டுரிப்பதுமே இதில் நேரங்கொள்ளும் வேலை. வீட்டிலுள்ள இளைஞர் இருவர் அமர்ந்தால் அரைமணியில் முடியும். திங்களுக்கு ஒருமுறை செய்து உறையவைத்தாற் போதும். இதற்கும் மனமில்லாத ஆடவர் புட்டியைக் குறைகூறாதிருத்தல் வேண்டும்.

இவ்வழக்கில் உழவரும் ஒரு கட்சியினரே. டிரினிடாட்டின் வடமலைத் தொடரிற் பரமின் என்றொரு சிற்றூர் உண்டு. செங்குத்தான சரிவுகளில் தைமும் வெங்காயத்தாளும் பிற மணத்தழைகளும் பயிரிடுவதற்கு அவ்வூர் பெயர் பெற்றது. சந்தையில் தழைக்கட்டொன்றை வாங்கும் காசு அத்தகைய சரிவுகளுக்கே திரும்பும். கரிபியச் சமூகம் என்னும் நாடுகளின் கூட்டமைப்பு, தன் உணவு இறக்குமதிச் செலவை 2025-ஆம் ஆண்டிற்குள் நூற்றுக்கு 25 பங்கு குறைப்பதென்று உறுதி பூண்டு, பின்னர் அக்கெடுவை 2030-க்கு நீட்டிக்க நேர்ந்தது. கோதுமையை அத்தீவுகளில் விளைக்கவொண்ணாது. அரைப்பிற்கு வேண்டும் தழையையோ வாயிற்படியருகில் ஒரு தொட்டியிலேயே விளைக்கலாம். ஷாடோ பெனி ஈர மண்ணையும் அரைநிழலையும் விரும்பும். பகற்பொழுது நீளுங் காலத்தில் நடுவே முள்ளடர்ந்த பூந்தண்டொன்று எழும்; அதனைத் தோன்றிய அன்றே கிள்ளிவிட்டால் இலை தொடர்ந்து வரும்.