நாவல் சாட்சி சொல்லாது

நண்பரொருவர் சொன்னார்: ‘ஹ்யூயி லாங்கை அந்த டாக்டர் ஏன் கொன்றார் என்று எனக்குத் தெரியும். ராபர்ட் பென் வாரனின் நாவலைப் படித்திருக்கிறேன்.’ தெரியாது என்கிறேன் நான்.

1935 செப்டம்பர் 8 இரவு, லூயிஸியானா மாநிலச் சட்டசபைக் கட்டடத்துள் லாங் சுடப்பட்டார். 10ஆம் தேதி இறந்தார். டாக்டர் கார்ல் வைஸை மெய்க்காவலர்கள் அங்கேயே சுட்டுத் துளைத்துவிட்டார்கள். லாங்கின் உடல் அறுத்துப் பார்க்கப்படவில்லை. பாய்ந்தது வைஸின் குண்டா, காவலர் குண்டா? 1991இல் வைஸின் எலும்புகளைத் தோண்டியெடுத்த பிறகும் தகராறு தீரவில்லை.

வாரனின் ‘ஆல் தி கிங்ஸ் மென்’ (1946) நாவலில் டாக்டர் ஸ்டான்டன் தன் தங்கையின் பொருட்டு கவர்னர் ஸ்டார்க்கைச் சுடுகிறான். நாவலுக்கு அந்தக் காரணம் தேவை. ஆனால் ஸ்டார்க் லாங் அல்ல என்று வாரனே சொல்லிவந்தார். படைப்பை மட்டும் பார் என்று நமக்குப் போதித்த கோஷ்டியைச் சேர்ந்தவர் அவர். அந்தப் பாடத்தை ஒப்பிக்கிறவர்களே இன்று ஸ்டான்டனின் மனசைக் கழற்றி வைஸின் பிணத்தில் மாட்டுகிறார்கள்.

லாங் பள்ளிப் பிள்ளைகளுக்கு இலவசப் பாடப்புத்தகம் கொடுத்தார். மாநிலத்தையே கைக்குள் போட்டும் கொண்டார். தொண்டனுக்கு அவர் தியாகி, எதிரிக்கு வைஸ் தியாகி. இரண்டு கூட்டத்துக்கும் கதை வேண்டும். மூன்றாவது கூட்டமாக நாமும் ஏன் போய் நிற்கவேண்டும்?

வைஸ் விட்டுப்போன கைக்குழந்தை, கொலைகாரன் மகன் என்ற பெயரோடு வளர்ந்தது. கச்சிதமாக அமைந்துவிட்டது என்பதற்காக ஒரு காரணத்தை உண்மையென்று எடுத்துக்கொள்வது ரசனை அல்ல, சோம்பல். அதற்கு விலை கொடுத்தது வேறு யாரோ.