கை சொல்லும் கதை

ஆலத்தூர் நாட்டுக்கு நாம் பணியேற்று வந்த முதல் மழைக்காலம் அது. காரவள்ளியிலிருந்து எழுபது வளைவுகள் ஏறி வரும் பேருந்தும் அன்று வரவில்லை. வெளியே செல்ல இயலாத அம்மாலையில், பங்கு இல்லத்துத் தொலைக்காட்சியில் ‘சம்சாரம் அது மின்சாரம்’ படம் காட்டப்பட்டது. விசு இயக்கி, ஏவி.எம். நிறுவனத்தார் 1986-ல் வெளியிட்ட படம். தந்தையும் மூத்த மகனும் ஒரே வீட்டின் நடுவே கோடு கிழித்துக்கொண்டு வாழும் கதை. மகள் ஒருத்தி கிறிஸ்தவக் குடும்பத்தில் மணம் புரிவதால், நம் இளமையில் வீட்டில் இதுபற்றி வாதம் நடந்ததும் நினைவுக்கு வந்தது.

வேலைக்காரி கண்ணம்மாவாக மனோரமா தோன்றியதும் நாம் வழக்கம்போல் சிரிக்கத் தொடங்கினோம். சமையற்கட்டு வாயிலில் நின்று பார்த்துக்கொண்டிருந்த, நம் இல்லத்தில் சமைக்கும் அம்மாள் சிரிக்கவில்லை.

“அந்தம்மா நெசமாவே நாலு வீட்ல பாத்திரம் தேச்சிருக்கும் சாமி. கை சொல்லுது” என்றார்.

அன்றிரவே அந்நடிகையின் வரலாற்றைத் தேடிப் படித்தோம். அம்மாள் கூறியது முற்றிலும் மெய்.

1937-ல் மன்னார்குடியில் பிறந்தவர், இயற்பெயர் கோபிசாந்தா. தந்தை கைவிட்டதால் தாய் இராமாமிர்தம் குழந்தையுடன் காரைக்குடியை அடுத்த பள்ளத்தூருக்கு வந்து, செல்வர் இல்லங்களில் வீட்டு வேலை செய்தார். தாய் நோயுற்றபோது, படிப்பை நிறுத்திவிட்டு மகளும் வீட்டு வேலைக்குச் சென்றாள். பன்னிரண்டு வயதளவில் நாடக மேடை ஏறினாள். மனோரமா என்னும் பெயரும் அங்கே கிடைத்ததுதான்.

மேடையில் உடனிருந்த ஒருவரை நம்பி மணந்தார். மகன் பிறந்த சில நாள்களிலேயே அவர் விலகிச் சென்றார். தாய்க்கு நேர்ந்ததே மகளுக்கும் நேர்ந்தது. ஆயினும் தாய், மகள், பேரன் என்று அக்குடும்பம் சிதறாமல் நின்றது, ஒருத்தியின் உழைப்பினால்.

கண்ணதாசன் தயாரித்த ‘மாலையிட்ட மங்கை’ (1958) படத்தில் அவருக்குக் கிடைத்தது நகைச்சுவை வேடம். கதாநாயகியாக நடித்தால் சில ஆண்டுகளே நிலைக்கலாம், நகைச்சுவை என்றால் நெடுங்காலம் நிற்கலாம் என்று கவிஞர் அறிவுறுத்தியதை மனோரமாவே நன்றியுடன் நினைவுகூர்ந்திருக்கிறார். 1963-ல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் ‘கொஞ்சும் குமரி’யில் அவரைக் கதாநாயகியாகவே ஆக்கியது. (1997-ல் நாமக்கல் மாவட்டம் பிரியும்வரை நம் மலையும் சேலத்தைச் சேர்ந்ததே, அவ்வகையில் நமக்கும் சிறிது உரிமை உண்டு!) ஆயினும் அப்பட்டத்தை அவர் பற்றிக்கொண்டிருக்கவில்லை. வேலைக்காரி, கிழவி, மாமியார், சென்னைச் சேரிப் பெண் என்று வந்ததையெல்லாம் ஏற்று நடித்தார். ‘தில்லானா மோகனாம்பாள்’ (1968) படத்து ஜில் ஜில் ரமாமணியை எவர் மறப்பர்? நாடகக் கொட்டகையின் பகட்டையும் அதனுள் மறைந்த தனிமையையும் ஒருங்கே காட்டிய பாத்திரம் அது. அவற்றை அவர் எங்கும் சென்று கற்க வேண்டியிருக்கவில்லை.

ஆயிரத்துக்கும் மேற்பட்ட படங்கள், ‘புதிய பாதை’க்காகத் தேசிய விருது, 2002-ல் பத்மஸ்ரீ. பிற்காலத்தில் முதலமைச்சர்களான அண்ணா, கலைஞர் ஆகியோருடன் மேடையிலும், எம்.ஜி.ஆர்., என்.டி.ஆர்., ஜெயலலிதா ஆகியோருடன் திரையிலும் நடித்தவர். 2015 அக்டோபரில் மறைந்தார். நாடு அவரை ‘ஆச்சி’ என்றே அழைத்தது. பள்ளத்தூரில், அவர் தாய் வேலை செய்த வீடுகளின் எசமானியரை அழைக்கும் சொல் அது.

மறுநாள் காலை இவற்றையெல்லாம் அம்மாளிடம் கூறினோம். அரிசி களைந்துகொண்டே கேட்டார். அவருடைய மகள் நாமக்கல்லில் செவிலியர் படிப்புப் படிப்பதை அப்போதுதான் அறிந்தோம். நாள்தோறும் அவர் கையால் உண்கிறோம், கேட்டதில்லை. அம்மா சமையல் வேலை பார்ப்பதைத் தோழிகளிடம் சொல்லவேண்டாம் என்று மகளிடம் அவரே சொல்லி வைத்திருந்தாராம்.

“இந்த ஆச்சி மட்டும் எல்லாருக்கும் சொல்லியிருக்குதா சாமி?”

“பேட்டிக்குப் பேட்டி சொல்லியிருக்கிறார், அம்மா.”

களைந்த நீரை வாழைக்கன்றுக்கு ஊற்றிவிட்டு வந்தார்.

“அவங்கம்மா அப்புறம் வேலைக்குப் போச்சுதா?”

“இல்லை, மகளோடு சென்னையில் இருந்தார்” என்றோம்.

வேறொன்றும் கேட்கவில்லை. அடுத்த ஞாயிறன்று, மகளிடம் பேசவேண்டும் என்று நம் கைப்பேசியை இரவல் கேட்டார்.